பன்னிரண்டு லீட்டர் சட்டி

இரண்டாயிரத்து ஒன்பதில், நாற்பத்தெட்டு வயதில், எனக்குக் கல்யாணம் பேசி முடிந்தது. என்னை மாப்பிள்ளை என்று சொல்லும்போது சொல்பவர்களுக்கே சிரிப்பு வந்தது. தங்கைமாரையெல்லாம் கரைசேர்த்துவிட்டு நிமிர்ந்து பார்த்தபோது என் தலையில் மயிர் மிச்சமில்லை.

பெண் பாரிஸில் இருந்தாள். ஒரு பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை. சொந்தக்காரர் வீட்டில் ஒருமுறை எதிரெதிரே இருந்து தேத்தண்ணீர் குடித்தோம், அவ்வளவுதான் அறிமுகம். ஊரில் போர் முடிந்த அந்த வருடம் எங்கள் ஆட்கள் யாரும் மண்டபம் எடுத்துக் கொண்டாடும் மனநிலையில் இல்லை. கோயிலில் தாலி, பிறகு சாப்பாடு என்று முடிவாகியிருந்தது. முடிவாகாதது ஒன்றுதான்: கல்யாணத்துக்குப் பிறகு அவள் லண்டனுக்கு வருவாளா? கேட்டால், "பாப்பம்" என்பாள். அவளுக்கு அங்கே நல்ல வேலையும் பழகிய வீடும் இருந்தன. எனக்கு மனோர் பார்க்கில் ஒரு வீடும் நிறைய வெறும் அலுமாரிகளும் இருந்தன.

நான் வேலை செய்த பெற்றோல் நிலையத்து வெள்ளைக்காரர்கள்தான் கடையில் லிஸ்ட் போடச் சொன்னார்கள். எங்கள் ஆட்கள் என்வலப்பைக் கையில் தந்துவிட்டுச் சாப்பிடப் போய்விடுவார்கள். இவர்கள் முறை வேறு. கல்யாணம் கட்டப்போகும் இருவரும் ஒரு பெரிய கடைக்குப் போய் வேண்டிய சாமான்களைக் குறித்து வைப்பார்கள். வருகிறவர்கள் அதிலிருந்து ஒன்றை வாங்கிக் கொடுப்பார்கள். எனக்கு ஒரு யோசனை வந்தது. காலம் முழுக்க உழைக்கிற நல்ல பாத்திரங்களாகக் குறித்து வைத்தால், அவற்றைப் பார்த்தாவது அவள் வரக்கூடும். என் முகத்தை நம்பி யாரையும் கடல் கடக்கச் சொல்ல முடியாது.

லீவு நாளில் பஸ் பிடித்துப் போனேன். கடைப் பெண் எனக்குப் பின்னால் எட்டிப் பார்த்தாள். மணப்பெண் பாரிஸில் என்றதும், பாவம் பார்த்தோ என்னவோ, துவக்கு மாதிரி ஒரு மெஷினைக் கையில் தந்தாள். சாமானின் பார்கோடுக்கு நேரே பிடித்து விசையை அமர்த்தினால் 'பீப்' என்று லிஸ்டில் ஏறிவிடும். துவக்குக்குப் பயந்து நாட்டைவிட்டு ஓடிவந்தவன், லண்டனில் வைத்துச் சட்டிகளைச் சுட்டேன்.

சுற்றிலும் சோடி சோடியாகச் சண்டை பிடித்துக்கொண்டிருந்தார்கள். எனக்குச் சண்டை பிடிக்க ஆளில்லை. ஒரு கேத்திலை நானே எடுத்து, நானே வேண்டாம் என்று திரும்ப வைத்தேன். இதை இன்னொரு தரம் செய்தபோது கடைக் காவலாளி என்னைக் கவனிக்கத் தொடங்கினான்.

அப்போதுதான் அந்தச் சட்டியைக் கண்டேன். தடித்த அடி, இருபத்தைந்து வருட உத்தரவாதம். எனக்கு அப்படி யாரும் எழுதித் தரமாட்டார்கள். அதைச் சுட்டுவிட்டுப் பாரிஸுக்குப் போன் எடுத்தேன்.

"நான் கடையிலை நிக்கிறன். லிஸ்டிலை போடச் சட்டி பாக்கிறன்."

"தனியவோ? அடி எப்பிடி?"

"தட்டிப் பாத்தன். கோயில் மணி மாதிரிக் கேக்குது."

"அடிப்பிடிக்காமல் இருந்தாக் காணும், மணி அடிக்கத் தேவையில்லை. எத்தினை லீட்டர்?"

"பன்னிரண்டு."



"என்ன, அன்னதானமோ?"

நான் லண்டன் வந்த புதிதில் ஃபாரஸ்ட் கேட்டில் ஒரே வீட்டில் ஒன்பது பெடியள் இருந்தோம். முறை வைத்துச் சமைப்போம். நான் சமைக்கப் பழகியது அந்த அளவில்தான். பிறகு ஒவ்வொருவனாகக் கல்யாணம் கட்டிப் போனான்கள். என் கை மட்டும் ஒன்பது பேருக்கே பருப்பு அள்ளிக்கொண்டிருந்தது. ஞாயிற்றுக்கிழமை ஒரு கறி வைத்தால் கிழமை முழுக்க நான்தான் தின்று முடிப்பேன். இதையெல்லாம் அவளுக்குப் பகிடியாகத்தான் சொன்னேன்.

அவள் சிரிக்கவில்லை. "கிழமை முழுக்க ஒரே கறியோ?"

"வியாழக்கிழமையிலைதான் அதுக்கு உண்மையான ருசி வரும்."

"விசர்க்கதை கதையாதேங்கோ. அந்தச் சட்டியை லிஸ்டிலையிருந்து எடுங்கோ. மூண்டு லீட்டர் போடுங்கோ. ரெண்டு பேருக்கு அது காணும்."

ரெண்டு பேருக்கு என்றாள்.

"அப்ப, வாறீரோ?"

"உங்கடை அடுப்பு காஸோ, கரண்டோ?"

"காஸ்."

"ச்சா. கரண்டெண்டால் அதைச் சாட்டி வரமாட்டன் எண்டு சொல்லியிருப்பன்."

"அப்ப அது ஓமோ?"

"எனக்கு வேலைக்கு நேரமாச்சு. வைக்கிறன்."

வைத்துவிட்டாள். நான் போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை. எடுத்தால் அந்தக் கடையில் திரும்பவும் நான் தனி ஆள். "ஓம் ஓம், விளங்குது" என்று செத்த போனுக்குள் சொல்லிக்கொண்டே மூன்று லீட்டர் சட்டியைச் சுட்டேன். பிறகு தட்டுகள் இருந்த பக்கம் நடந்தேன்.

"பூப் போட்டதோ? எனக்குப் பிடிக்கேல்லை" என்றேன் கொஞ்சம் உரக்க. பக்கத்தில் நின்ற சோடி திரும்பிப் பார்த்தது. இன்னும் கொஞ்ச நேரம் விட்டுக்கொடுக்காமல் நின்றேன். "சரி, சரி, உம்மடை விருப்பம்" என்று சொல்லி, பூப் போட்ட தட்டுகளையே சுட்டேன்.