சத்தம் குறைந்த தோட்டா

ஒரகடத்துக்கு அப்பால் மூடிக் கிடந்த கல்குவாரியில் அன்று நானும் அத்தானும் மட்டும்தான் இருந்தோம். அக்கா இல்லை. மாசமாக இருந்த அவளிடம் மீன் வாங்கப் போவதாகச் சொல்லியிருந்தோம். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போனவன் நான் ஒருவன்தான். படிக்க வைத்தவள் அவள். அவளிடம் பொய் சொன்னது உறுத்தியது.

அத்தான் பட்டாளத்திலிருந்து வந்தவர். ஆலைகளுக்குச் சம்பளப் பணம் கொண்டுபோகும் வேனில் சொந்த ரிவால்வரோடு காவலுக்குப் போவார். சுட்டுப் பழக கம்பெனி தோட்டா தராது. புதியது விலை அதிகம் என்று, சுட்டுத் தீர்ந்த தோட்டாக்களின் வெற்றுக் கூடுகளில் அவரே வெடிமருந்து நிரப்பி ஈயக் குண்டு வைத்துக்கொள்வார்.

முதல் இரண்டும் நன்றாக வெடித்து எதிர் மண்மேட்டில் தெறித்தன. மூன்றாவது பலகை விழுந்த மாதிரி 'டப்' என்றது. அடுத்ததைச் சுட விரலை மடக்கினார்.

"அத்தான், நில்லுங்க! எதிர்ல மண்ணே தெறிக்கல!"

"சத்தம் கேட்டுச்சுல்லா மாப்ள?" என்றவர், தோட்டாக்களை வெளியே எடுத்துவிட்டுக் குழலுக்குள் ஒரு குச்சியை விட்டார். அது பாதியில் நின்றது. குண்டு உள்ளேயே சிக்கியிருந்தது. பின்னால் இன்னொன்று போயிருந்தால் ரிவால்வர் அவர் கையிலேயே வெடித்திருக்கும்.

அப்படியே கல்லில் உட்கார்ந்துவிட்டார். "நேத்து இத நிரப்பயில உங்கக்கா வாந்தி எடுத்தா. தலையப் பிடிக்க ஓடுனேன். திரும்பி வந்து, மருந்து போடாமலே குண்ட வச்சிட்டேன் போல. அடியில இருக்க கேப்பு மட்டும் வெடிச்சு, குண்டப் பாதி வழி தள்ளியிருக்கு."

"இனிமே அக்கா தலைய மட்டும் பிடிங்க அத்தான்."

சிரித்தார். எழுந்திருக்க நான் கை கொடுத்தேன்.

மறுநாள் சென்னையில் ஒரு துப்பாக்கிக் கடையில் குண்டை எடுத்து, குழலைச் சரிபார்த்து, புதுத் தோட்டாப் பெட்டியும் வாங்கினோம். தொட்டிலுக்கு வைத்திருந்த பணத்தில் நாலாயிரத்து இருநூறு ரூபாய் போயிற்று.