ஞாயிற்றுக்கிழமை ஜெனரல் ஷிஃப்ட்

இது நடந்தது போன வருடம், மழைக்காலம் தொடங்குவதற்குச் சற்று முன்பு, நெய்வேலி டவுன்ஷிப்பில் நாங்கள் குடியிருக்கும் பிளாக்கில். நான் ஒர்க்‌ஷாப்பில் ஃபிட்டர். ஜெனரல் ஷிஃப்ட். காலையில் போனால் சாயங்காலம் திரும்புகிற வேலை. கையில் கிரீஸ் இல்லாமல் வீடு திரும்பிய நாள் கிடையாது. அப்படிப்பட்ட ஆள் மாவு பிசைந்து நாய்களுக்கு பிஸ்கட் சுட்டான் என்றால் நம்புவது கஷ்டம்தான். என் மனைவியே இன்னும் முழுசாக நம்பவில்லை.

எங்கள் தெருவில் நான்கு நாய்கள். அவற்றுக்குத் தலைவி ஒரு செவலை. நான்கும் இங்கேயே பிறந்து வளர்ந்தவை. யாரையும் கடித்ததில்லை. ஆனால் ஒரு கெட்ட பழக்கம் உண்டு. பைக் சத்தம் கேட்டால் போதும், செவலை பின்னாலேயே பாய்வாள். மற்ற மூன்றும் அவளுக்குப் பின்னால். எதிர் குவார்ட்டர்ஸ்காரர் மைன்ஸில் ஆப்பரேட்டர். நைட் ஷிஃப்ட் முடிந்து காலையில் தூக்கக் கலக்கத்தோடு பைக்கில் வந்தவரை இவள் துரத்த, மனிதர் திருப்பத்தில் சறுக்கி விழுந்து முழங்கை எலும்பு முறிந்துவிட்டது.

கட்டுப் போட்ட கையோடு அவர் தெருவில் எல்லோரையும் கூட்டினார். "உங்களுக்கெல்லாம் நாய் மேல பாசம், எனக்கு மாவுக்கட்டு. நாலையும் வண்டில ஏத்திக்கினு போயி வடலூர் தாண்டி எங்கனா வுட்டுட்டு வரப் போறேன். யாரும் ஒரு வார்த்தை கேக்கக் கூடாது" என்றார்.

யார் கேட்பது? வலி அவருடையது. ஆனால் அறிமுகமில்லாத இடத்தில் விடப்பட்ட நாய்களை அங்கிருக்கும் நாய்கள் என்ன செய்யும் என்று எல்லோருக்கும் தெரியும். எனக்கு அன்று சோறு இறங்கவில்லை. நாயை வளர்த்தவனும் இல்லை, பெரிய ஜீவகாருண்யவாதியும் இல்லை. தினமும் வேலைக்குப் போகும்போது வாலாட்டி வழியனுப்புகிற ஜீவன்கள், அவ்வளவுதான்.

விசாரித்ததில் கடலூரில் ஒரு குழு இருப்பது தெரிந்தது. தெரு நாய்களைப் பிடித்துக் கருத்தடை ஆபரேஷன் செய்து, தடுப்பூசி போட்டு, பிடித்த இடத்திலேயே திரும்ப விடுகிறவர்கள். போன் செய்தேன். பேசியது ஒரு பெண் டாக்டர். ஆபரேஷனுக்குப் பிறகு இந்தத் துரத்தல் எல்லாம் பெரும்பாலும் அடங்கிவிடும் என்றார். "ஆனா உங்க செவலையை எங்களுக்கு நல்லாவே தெரியும் சார்" என்று சிரித்தார். முன்பு ஒரு தடவை வலையும் பாக்கெட் பிஸ்கட்டுமாக வந்து பார்த்திருக்கிறார்கள். வலையைக் கண்டதும் பறந்தவள்தான். அன்றிலிருந்து யாராவது பாக்கெட்டைப் பிரிக்கும் சத்தம் கேட்டாலே ஓடிவிடுவாள். அதனால் கழுத்தில் கயிறு மாட்டுகிற அளவுக்கு நீங்களே பழக்கி வையுங்கள், வலையில்லாமல் வருகிறோம் என்றார்.

எதிர் வீட்டுக்காரரிடம் போய் நின்றேன். யோசித்தார். ஒன்றரை மாதம் கழித்துக் கடலூர்க்காரர்கள் வரப்போகிற ஞாயிற்றுக்கிழமை வரை பொறுத்துக்கொள்வதாக வாக்குக் கொடுத்தார். நான்கும் வண்டி ஏற வேண்டும். ஒன்று தப்பினாலும் மறுநாள் அவருடைய வண்டி வரும். அதுதான் பேச்சு.

பாக்கெட் பிஸ்கட் செவலையிடம் செல்லாது என்பதால்தான் நான் வீட்டிலேயே பிஸ்கட் சுட ஆரம்பித்தேன். உப்பு, சர்க்கரை, வெங்காயம் எதுவும் கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். கோதுமை மாவு, வேகவைத்து மசித்த சர்க்கரைவள்ளிக் கிழங்கு, ஒரு முட்டை, அரைத்த கோழி ஈரல். எங்கள் வீட்டில் பிஸ்கட் சுடுகிற ஓவன் கிடையாது. பழைய குக்கரில் மணலைக் கொட்டிச் சூடாக்கி, அதற்குள் தட்டு வைத்துச் சுட வேண்டும். சூட்டைப் பற்றி ஃபிட்டருக்குச் சொல்லித் தரவா வேண்டும் என்று அடுப்பை முழுசாகத் திருகி வைத்தேன். முதல் ஈடு கருங்கல். தரையில் விழுந்து உடைந்தது தரைதான். வீடு முழுக்க ஈரல் தீய்ந்த வாடை.

"கல்யாணமாயி இத்தினி வருசத்துல எனக்கு ஒரு டீ போட்டுக் குடுத்ததில்ல. நாய்க்கு பிஸ்கட் சுட்டுக்கினு நிக்கிறாரு" என்று என் மனைவி போனில் தன் தங்கையிடம் சொன்னது, எனக்குக் கேட்க வேண்டும் என்றே சொன்னது. அவளுக்குச் சொந்த ஊர் குறிஞ்சிப்பாடி. பேச்சுக்குப் பஞ்சம் கிடையாது. ஆனால் மறுநாள் அவளே மாவை வாங்கிக்கொண்டாள். தட்டை தட்டுவது போல மெல்லிசாகத் தட்டி, பாட்டில் மூடியால் வட்டம் வட்டமாக வெட்டி, சிம்மில் வைத்து எடுத்தாள். மொறுமொறுவென்று வந்தது. பழக்க தோஷத்தில் கை ஒரு சிட்டிகை உப்பைப் போட்டுவிட்டதால் அந்த ஈட்டை மட்டும் நாங்களே டீயோடு தின்று தீர்த்தோம். குறை சொல்ல முடியாது.

காலையில் ஜெனரல் ஷிஃப்ட் பஸ்ஸுக்காக எங்கள் ஸ்டாப்பில் ஒரு கூட்டமே நிற்கும். எல்லோரும் யூனிஃபார்ம், சேஃப்டி ஷூ, கையில் ஹெல்மெட், தோளில் சாப்பாட்டுப் பை. நாய்களும் அந்த நேரத்துக்கு அங்கே ஆஜராகிவிடும். அங்கேதான் என் பள்ளிக்கூடம். முதலில் பிஸ்கட்டைத் தூக்கிப் போட்டேன். பிறகு காலடியில் வைத்தேன். பிறகு கையிலிருந்து தந்தேன். கடைசியில் கயிற்றில் ஒரு வளையம் கட்டி, அதற்கு இந்தப் பக்கம் பிஸ்கட்டைப் பிடித்தேன். தின்ன வேண்டுமானால் தலையை வளையத்துக்குள் நுழைத்துத்தான் ஆக வேண்டும். செவலை நாள்கணக்கில் முறைத்துக்கொண்டு நின்றாள். ஒரு காலையில் நுழைத்தாள். ஸ்டாப்பே கைதட்டியது.

எனக்குத் தலைகால் புரியவில்லை. கேன்டீனில் உட்கார்ந்து, "என் மொகத்தப் பாத்தா போதும், ஓடி வந்துருவா" என்று அளந்துகொண்டிருந்தேன்.

அந்த ஞாயிறும் வந்தது. காலையிலேயே கடலூர் வண்டி வந்து மரத்தடியில் மறைவாக நின்றது. டாக்டரும் இரண்டு உதவியாளர்களும் இறங்கினார்கள். நான் லுங்கியும் பனியனுமாக, பிஸ்கட் டப்பாவோடு மாப்பிள்ளை மாதிரி ஸ்டாப்புக்குப் போனேன். நாய்கள் எதிரே மைதானத்து ஓரம் படுத்திருந்தன. கூப்பிட்டேன். செவலை தலையைத் தூக்கினாள். காதை நிமிர்த்தினாள். எழுந்தாள். என்னைப் பார்த்துக் குரைத்தாள்!

இன்னும் இரண்டு அடி வைத்தேன். நான்கும் பின்வாங்கின. டப்பாவைக் குலுக்கினேன். இன்னும் தள்ளிப் போயின. "சார், உங்க முகத்தைப் பாத்தா ஓடி வரும்னீங்களே?" என்றார் டாக்டர், மிகவும் மரியாதையாக. எதிர் வீட்டுக்காரர் கேட்டைப் பிடித்துக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தார். பூமி பிளந்து என்னை உள்ளே வாங்கிக்கொண்டால் தேவலை என்றிருந்தது.

என் மனைவிதான் வாசலிலிருந்து கத்தினாள். "ஏங்க, அதுக்கு உங்க மூஞ்சியா தெரியும்? டூட்டிக்குப் போற ஆளத்தான தெரியும்! போயி யூனிஃபார்ம மாட்டிக்கினு வாங்க!"

ஞாயிற்றுக்கிழமை என்றால் டவுன்ஷிப்பில் யூனிஃபார்ம் எல்லாம் பக்கெட்டில் ஊறுகிற நாள். சொட்டச் சொட்ட எடுத்துப் பிழிந்து மாட்டினேன். சோப்புக்கு அடங்குகிற கிரீஸா அது, வாசனை அப்படியே இருந்தது. ஷூ, ஹெல்மெட், பை எல்லாம் போட்டுக்கொண்டு போனேன். செவலையின் வால் லேசாக ஆடியது. பாதி மைதானம் வரை வந்தாள். வந்தவள் நின்றுவிட்டாள். என்னைப் பார்த்தாள், காலியாகக் கிடந்த ஸ்டாப்பைப் பார்த்தாள். ஏதோ சரியில்லை என்று அவளுக்குத் தோன்றிவிட்டது. தினம் இருக்கிற கூட்டத்தைக் காணோமே!

ஜெனரல் ஷிஃப்ட் பஸ் ஞாயிற்றுக்கிழமை ஓடாது. பழக்கியவனுக்கு இது உறைக்கவே இல்லை. எல்லோருக்கும் லீவு, வசதியாக இருக்கும் என்று நாள் குறித்ததும் நான்தான்.

அதற்குப் பிறகு நடந்ததை நினைத்தால் இப்போதும் எனக்குச் சிரிப்பு வரும். என் மனைவி வீடு வீடாகக் கதவைத் தட்டினாள். முதலில் வந்தவர் தலையில் பாதி டை அடித்திருந்தார். அதன் மேல் ஹெல்மெட். இன்னொருவர் வாயில் இட்லியோடு வந்தார். ஒருவர் யூனிஃபார்ம் சட்டை மாட்டிக்கொண்டார், கீழே வேட்டி. மனைவி துரத்தியடித்து பேன்ட் போட்டுவர வைத்தாள். பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஸ்டாப் நிரம்பிவிட்டது. அடுத்த தெருவிலிருந்து பால் வாங்கப் போன ஒருவர் எங்களைப் பார்த்து, "யோவ், லீவ ஒர்க்கிங் டேவா மாத்திட்டாங்களா? எனக்கு யாரும் சொல்லலியே!" என்று பதறி வீட்டுக்கு ஓடி, சாப்பாட்டுப் பை சகிதமாக வந்து சேர்ந்தார். விஷயம் தெரிந்த பிறகும் போகவில்லை, நின்றார்.

கடைசியாக எதிர் வீட்டுக் கேட் திறந்தது. மெடிக்கல் லீவில் இருந்தவர். கட்டுப் பிரித்திருந்தார்கள், கை இன்னும் முழுசாக நீளவில்லை. இஸ்திரி கலையாத யூனிஃபார்மில் வந்து வரிசைக் கடைசியில் நின்றார். "நாலும் ஏறணும்னு சொன்னது நான்தான? எனக்கும் ஒண்ணு குடு" என்று நல்ல கையை நீட்டினார். ஒரு பிஸ்கட்டும் ஒரு கயிற்று வளையமும் கொடுத்து, பிடிக்கும் விதத்தைக் காட்டினேன். ஒப்புக்குத்தான் கொடுத்தேன்.

நாய்கள் வந்தன. தினமும் வருகிற மாதிரியே வாலை ஆட்டிக்கொண்டு, தங்களுக்குள் முட்டிக்கொண்டு வந்தன. முதலாவது என் வளையத்தில் தலையை நுழைத்தது. உதவியாளர் நைசாக அழைத்துப் போய்க் கூண்டில் ஏற்றினார். இரண்டாவதும் அப்படியே. மூன்றாவதைத் தூக்கும்போது அது வீல் என்று கத்திவிட்டது. செவலை துள்ளிப் பின்வாங்கினாள். என்னிடமிருந்து விலகி, வரிசையை ஒட்டியே பின்னால் போய்ப் போய், கடைசி ஆளிடம் நின்றாள்.

அந்த முழங்கையை உடைத்தவளும் உடைபட்டவரும் நேருக்கு நேர். வளையத்துக்கு ஒரு கை, பிஸ்கட்டுக்கு ஒரு கை வேண்டும்; அவருக்கோ அடிபட்ட கை நீளாது. குனிந்து நீட்டவும் முடியாது. மனிதர் மெதுவாகத் தரையில் உட்கார்ந்துவிட்டார். இஸ்திரி போட்ட பேன்ட் மண்ணில் பட, நாயின் முகத்துக்கு எதிரே முகம். வளையத்துக்குள் பிஸ்கட்டைப் பிடித்தார். செவலை அவர் ஷூவை மோந்தாள். சட்டையை மோந்தாள். ஆறாத அந்தக் கையையும் மோந்தாள். பிறகு சாவகாசமாகத் தலையை நுழைத்து பிஸ்கட்டை எடுத்துக்கொண்டாள்.

"மாட்டிக்கிச்சி! ஏ, மாட்டிக்கிச்சிய்யா!" என்று அவர் போட்ட சத்தத்தில் ஸ்டாப்பே அதிர்ந்தது. ஹெல்மெட்டைத் தட்டி ஆர்ப்பாட்டம் செய்தோம். டை அடித்தவரும் நானும் கட்டிப்பிடித்துக்கொண்டதில் என் ஈரச் சட்டை கறுப்பானது. செவலையை வேறு யாரையும் தொட விடாமல் அவரே நடத்திக்கொண்டு போய் வண்டியில் ஏற்றினார். "பத்திரமா கொண்டாந்து வுடுங்கம்மா, நம்ம தெரு நாயி" என்று டாக்டரிடம் சொன்னார். நம்ம தெரு நாய்! எனக்குக் கண் கலங்கிவிட்டது, மறைக்கவில்லை.

ஆபரேஷன் முடிந்து, அதற்கு அடையாளமாகக் காது நுனியில் சிறு வெட்டோடு நான்கும் ஒரு வேலை நாள் காலையில் ஸ்டாப்பிலேயே வந்து இறங்கின. டிரைவர் பஸ்ஸை நிறுத்தி வைத்து, எல்லோரும் பார்த்த பிறகுதான் எடுத்தார். டாக்டர் சொன்னது போலவே துரத்தலும் குறைந்தது. எதிர் வீட்டுக்காரர் இப்போது பைக்கை நிறுத்தி டூல் பாக்ஸைத் திறக்கிறார். உள்ளே ஸ்பேனரோடு ஒரு பிஸ்கட் டப்பா. அதைச் சுடுவது அவர் வீட்டில்தான். ஈரல் பக்குவம் என் மனைவியுடையதைவிட நன்றாக வந்திருக்கிறது என்று அவர் சொல்ல, இரண்டு வீட்டுக்கும் அதில் ஒரு செல்லச் சண்டை ஓடிக்கொண்டிருக்கிறது.

ஒர்க்‌ஷாப்பில் நான் பார்க்காத ஓவர்டைம் இல்லை, வாங்காத பாராட்டும் இல்லை. ஆனாலும் இத்தனை வருட சர்வீஸில் மார்தட்டிச் சொல்லிக்கொள்ள ஒரு டூட்டி உண்டு என்றால், பஸ்ஸே வராது என்று தெரிந்தும் ஒரு தெருவே யூனிஃபார்ம் போட்டுக்கொண்டு நின்ற அந்த ஞாயிற்றுக்கிழமை டூட்டிதான்.