தம் போட்ட அண்டாவுக்கு ஒன் மோர் கிடையாது

சாப்பாட்டைப் படம் பிடித்துப் பிழைக்கிறவன் அந்தச் சாப்பாட்டைச் சூடாகத் தின்றதாகச் சரித்திரமே இல்லை. என்னைப் போலக் கேமராவைக் கட்டிக்கொண்டு அழுகிறவர்களுக்கு இது தெரியும். வடசென்னைச் சாப்பாடு பற்றிய படத்துக்காக ராயபுரத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தோம்.

நிபந்தனை

பெண்ணின் அப்பா கரீம் பாய், பகல் விருந்தைப் படமெடுக்கச் சம்மதித்தாரே தவிர, முகம் வெளுத்துப்போயிருந்தது. மாப்பிள்ளையின் தாய்மாமா நிச்சயதார்த்தத்திலேயே அரிசி வேகவில்லை என்று தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தவராம். இன்றும் குறை வந்தால், போகிற வீட்டில் பெண் காலமெல்லாம் அந்தக் குத்தலைக் கேட்க வேண்டும்.

சமையல் மாஸ்டர் ஷாஜகான் பாய் இரண்டு பிரியாணி அண்டாவையும் மூடித் தம் போட்டு, மேலே தணலைப் பரப்பிவிட்டு எங்களிடம் வந்தார். "இன்னா வேணா எடுத்துக்கோ நைனா. மூடி மேல மட்டும் கைய வெச்சே, கேமரா அண்டாக்குள்ள பூடும்."

முதல் அண்டா

இது பெண்கள் பந்திக்கு. மாஸ்டர் மூடியைத் திறந்ததும் ஆவி குப்பென்று எழுந்து லென்ஸை மறைத்துவிட்டது. திரையில் வெள்ளையைத் தவிர ஒன்றுமில்லை. என் கேமராமேன் சேகர் பழக்கதோஷத்தில், "ஒன் மோர் பாய், மூடிட்டு மறுபடி திறங்க" என்றான். மாஸ்டர் கரண்டியை நிறுத்திவிட்டுக் கேட்டார்: "இத்த இன்னா ஈரோயின்னு நெனச்சுக்கினியா, சொல்லச் சொல்ல நடிக்கறதுக்கு?"

இரண்டாவது அண்டா

இதுதான் மாப்பிள்ளை வீட்டுக்கு. பெரிய அண்டா, தம் முடிய இன்னும் நேரம் இருந்தது. மாஸ்டர் தொழுகைக்குப் போன நேரத்தில், தணல் வெளிச்சம் படத்தில் கண்ணைக் கூசுகிறது என்று சேகர் மூடி மேலிருந்த தணலையெல்லாம் வாரிக் கீழே தள்ளிவிட்டான். மூடியில் கை வைக்கவில்லையாம், கரண்டியைத்தான் வைத்தானாம்!

திரும்பி வந்த மாஸ்டர் சேகர் கையிலிருந்த கரண்டியைப் பிடுங்கிப் புதுத் தணலை அள்ளிப் பரப்பினார். திட்டியிருந்தால்கூடத் தேவலை. மேலரிசி இன்னும் வேக வேண்டும். அதற்குள் கரீம் பாய் மூச்சிரைக்க ஓடி வந்தார். "மாமா உக்காந்துட்டாரு தம்பி. வெறுந்தட்டையே பாத்துக்கினு கீறாரு."

பந்தி

நேரத்தைக் கடத்த வேறு வழி தெரியாமல் கேமராவோடு பந்திக்குள் நுழைந்து, மாமாவிடம் மைக்கை நீட்டினேன். நல்ல பிரியாணி எப்படி இருக்க வேண்டும் என்று கேட்டேன். மனிதர் தொப்பியைச் சரிசெய்துகொண்டு ஆரம்பித்தார். அரிசி, கறி, விறகு என்று போய், தம்முக்கு அவசரமே ஆகாது, காத்திருக்கத் தெரியாதவன் பிரியாணி பக்கமே வரக்கூடாது என்று தீர்ப்பும் சொன்னார். நான் தலையாட்டிக்கொண்டே வாசலைப் பார்த்தேன்.

ஒருவழியாகப் பிரியாணி வந்தது. மாமா ஒரு வாய் போட்டு நிதானமாக மென்றார். கரீம் பாய் தண்ணீர்க் குவளையோடு பக்கத்திலேயே நின்றார். மாமா அவர் முதுகில் தட்டினார். "பரவால்ல சம்பந்தி, நான் சொன்ன மாரியே பண்ணிக்கீறாங்க!"

எங்கள் பிரியாணிப் படத்தைப் பார்க்கிறவர்கள் தயவுசெய்து பிரியாணியைத் தேட வேண்டாம், அதில் முழுக்க முழுக்க மாமாதான்.