தவளை சொன்ன புயல்

அந்த ஜீப்பில் பத்துப் பேர் உட்காரலாம். எங்களில் இருபத்திரண்டு பேரை ஏற்றுவார்கள். கம்பத்திலிருந்து மலையேறி ஏலத்தோட்டத்துக்குக் களை வெட்டப் போகிற ஜீப். என் முழங்கால் எதிரே இருப்பவளின் கால்களுக்கு நடுவே மாட்டிக்கொண்டால், தோட்டம் போய்ச் சேரும்வரை அது என்னுடையது இல்லை. தார்ப்பாயை இறக்கிவிட்டால் வெளியே மலையா பள்ளமா என்றுகூடத் தெரியாது. பன்னிரண்டாம் வகுப்புப் பரீட்சை எழுதிய கையோடு என்னை அதில் ஏற்றிவிட்டார்கள். தொண்ணூற்றெட்டாம் வருடத்துக் கோடை.

"ரெண்டே மாசந்தான் ஆத்தா. பழத்த வெட்டி யாவாரிகிட்டப் போட்டதும் உன்னைய காலேஜ்ல சேத்துவிட்டுர்றேன்" என்றார் அப்பா. எங்களுக்கு இருந்தது ஒரே ஒரு திராட்சைப் பந்தல். அந்த வருடம் காய் நன்றாகப் பிடித்திருந்தது. தினமும் காலையில் பந்தலுக்குள் குனிந்து போய், காய் கறுக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் ஜீப் ஏறுவேன்.

கதை சொல்ல ஆரம்பித்தது மதினிக்காக. சொந்த மதினி இல்லை, எங்கள் தெருவுக்கு வாக்கப்பட்டு வந்தவர். ஜீப்பில் என்னை ஒட்டித்தான் உட்காருவார். வளைவுக்கு வளைவு வாந்தி எடுப்பார். கதை கேட்டால் குமட்டல் அடங்குகிறது என்றார். நானும் வாய்க்கு வந்தபடி ஒரு நாட்டைக் கட்டினேன். நாலு பக்கமும் மலை, வாசலுக்கு ஒரு கல்கதவு. அங்கே காற்று கிடையாது. வீட்டுக்கு ஒரு பானை காற்றுதான் ராஜா கொடுப்பான். உள்ளே ஒரு பெண் வெளியே போகத் துடித்துக்கொண்டிருக்கிறாள். அரண்மனைக் குளத்தில் பேசும் தவளை ஒன்று குறி சொல்லியிருக்கிறது: பாறையிலிருந்து மலைத்தேனீ கிளம்பிப் போன மூன்றாம் நாள் புயல் வரும், கல்கதவு பெயர்ந்து விழும்.

புயலை நான் வரவிடவே இல்லை. வந்தால் கதை முடிந்துபோகுமே! "இன்னைக்காச்சும் வருமாடி?" என்று மதினி கேட்பார். "தேனீ இன்னும் கிளம்பல மதினி" என்பேன். "அடிப் பாவி, அந்தப் பிள்ளைய எத்தன நாளைக்குத்தான் அடைச்சு வைப்ப?" என்று ஜீப்பே சேர்ந்து என்னைத் திட்டும். எனக்குப் பெருமை தாங்காது.

மே மாதக் கடைசியில் ஒரு திங்கட்கிழமை, தோட்டத்துக்கு மேலே பாறையில் தொங்கிய தேனடைகளில் ஒரு ஈ இல்லை. கோடை முடியப்போகிறது என்றால் மலைத்தேனீ இடம் மாறும். வருடா வருடம் நடப்பதுதான். ஆனால் மதினி களைக்கொத்தைக் கீழே போட்டுவிட்டார். "யாத்தே! தவள சொன்னது!" என்றார். நான் விழுந்து விழுந்து சிரித்தேன். சாயங்காலம் ஜீப் ஊருக்குள் நின்றதும், தவளையையும் ராஜாவையும் ஜீப்பிலேயே விட்டுவிட்டு, புயலை மட்டும் எல்லாரும் வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டார்கள்.

திராட்சைக்காரர்களுக்குப் புயல் என்றால் எமன். காற்றில் பந்தல் சாய்ந்தால் கொடி போச்சு, மழை பட்டால் பழம் வெடித்துப் போகும். நான் கை கால் கழுவிவிட்டு உள்ளே போனபோது அப்பா கொத்து வெட்டும் கத்தரிக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தார்.

"புதங்கெழம புயலாம்ல. நாளைக்கே வெட்டிருவோம்."

"எப்பா, அது நான் ஜீப்ல சொன்ன கதைப்பா! அம்புட்டும் பொய்!"

"ஈ போனது பொய்யா?"

"அது நெசம். அதுக்கும் புயலுக்கும் என்னப்பா சம்பந்தம்?"

"நீ கதையாத்தான் சொன்ன. ஒன் வாயில அத வர வச்சது யாரு? மேலத்தெருவுல எல்லாரும் வெட்டுறாக."

தலையில் அடித்துக்கொண்டேன். இன்னும் பத்து நாள் விட்டால் கறுத்துவிடும் என்று காலைப் பிடித்தேன். அப்பா என்னைத் தூக்கி நிறுத்தினார். "ஒன் காலேஜு அதுலதான ஆத்தா தொங்குது. மழையில போச்சுன்னா நான் என்ன செய்வேன்?" என்றார். மறுநாள் நானும் சேர்ந்து வெட்டினேன். பாதிக் கொத்துகள் இன்னும் பச்சையாகவே இருந்தன.

புதன்கிழமை வெயில் கொளுத்தியது. ஒரு இலை ஆடவில்லை. பொழுதுக்கும் வாசலில் நின்று மேற்கே மலையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். வா, வந்து தொலை, இந்த ஒரு தடவை மட்டும் வந்துவிடு என்று மனசுக்குள் கெஞ்சினேன். அப்பாவுக்காகத்தான் கெஞ்சினேன். மேகம்கூட எட்டிப் பார்க்கவில்லை. வியாபாரி வந்தார், ஒரு பழத்தை வாயில் போட்டார், முகத்தைச் சுளித்துத் துப்பினார். "கொழம்புக்குப் புளி இல்லைன்னா இதப் போட்டுக்கங்க" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். எல்லாவற்றையும் உரக்குழியில் கொட்டினோம். சொந்தக்காரர் வீட்டு விசேஷத்துக்கு வெளியூர் போயிருந்ததால் சேதியே கேட்காத ஒருத்தர் பந்தலில் மட்டும், பத்தாம் நாள் பழம் கன்னங்கரேலென்று நின்றது. அப்பா என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருக்கலாம்.

ஜூனில் காலேஜ் திறந்தது. நான் ஜீப்பில் இருந்தேன், அதே இடம், அதே முழங்கால்கள். யாரும் கதை கேட்கவில்லை. மதினி நாலு நாள் வாந்தி எடுத்துக்கொண்டே வந்தார். ஐந்தாம் நாள் என் காதோரமாகக் கேட்டார்.

"ஏ பிள்ள, அந்த நாட்டுல புயலு வந்துச்சா?"

வந்தது என்று சொல்லியிருக்கலாம். ஒரு வார்த்தை, காசா பணமா?

"வரல மதினி."

"அப்ப அந்தப் பிள்ள?"

"அங்கனயேதான் இருக்கா."

மதினி என் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். தூறல் போட ஆரம்பித்தது. டிரைவர் வண்டியை நிறுத்திவிட்டு இறங்கி வந்து, தார்ப்பாயை இழுத்துக் கட்டினார்.