கிழங்குக்குக் கீழே கரட்

இன்றைக்குப் புட்டு இல்லை, ஒரே தட்டில் இரவுச் சாப்பாடு முடியும் என்று காலையிலேயே வீட்டில் அறிவித்துவிட்டேன்.

காரணம் என் ஐந்து வயது மகள். இரண்டு வாரமாகக் கரட்டையும் லீக்ஸையும் பொறுக்கிப் பொறுக்கித் தட்டின் ஓரத்தில் அடுக்குகிறாள். எனக்குப் பயம் பிடித்துவிட்டது. இரண்டையும் பொடியாக வெட்டி, அரைத்த ஆட்டிறைச்சியோடு வதக்கி, மேலே மசித்த உருளைக்கிழங்கைப் பூசி ஓவனில் வைத்தேன். ஷெப்பர்ட்ஸ் பை என்று வெள்ளைக்காரர் சொல்லும் சாப்பாடு. உள்ளே ஒளித்தது ஒன்றும் தெரியாமல் பொன்னிறமாக வந்தது.

கணவரின் அம்மா, என் மாமி, அடுப்படிக்குள் எட்டிப் பார்த்தார்.

"இது சாப்பாடோ, கறியோ?"

"சாப்பாடு, மாமி."

"அப்ப கறி எங்கை?"

"உள்ளுக்கை இருக்கு."

"அப்ப இது கறிதானே! வெறுங்கறியை ஆரும் தின்னுவினமோ?"

கொஞ்ச நேரத்தில் மாமியின் கையால் புட்டு அவிந்துவிட்டது.

வேலையால் வந்த கணவர் நேரே சாப்பிட உட்கார்ந்தார். புட்டைக் குவித்து, நான் சுட்டதை அள்ளி மேலே போட்டுக் குழைத்தார்.

"எனக்கும் அப்பா மாதிரி," என்றாள் மகள்.

குழைத்ததில் கரட்டும் தெரியவில்லை, லீக்ஸும் தெரியவில்லை. இரண்டாம் தரமும் கேட்டு வாங்கினாள்!

"பாத்தியே, புட்டெண்டால் பிள்ளை சாப்பிடும்," என்றார் மாமி.

"ஓம் மாமி," என்றேன். கரட் உள்ளே போனது எனக்குப் போதும்.

கை கழுவிக்கொண்டே கணவர் சொன்னார்: "நல்ல கறி. நாளைக்கு இடியப்பத்தோடை வையுமன்."

கிழங்குக்குக் கீழே வேறு எதையெல்லாம் ஒளிக்கலாம்? பாவற்காய் வரை போகத் துணிந்துவிட்டேன். தெரிந்தவர்கள் தாராளமாகச் சொல்லுங்கள், மாமி முகநூலில் இல்லை.