உள்ளங்கை அளவு முகம்

அப்பா இறந்த அன்று என் தலையில் விழுந்த வேலை, போன் பிடிப்பது. அண்ணன் கத்தாரில் இருந்தான், லீவு கிடைக்கவில்லை, வீடியோ காலில்தான் பார்க்க முடியும். எங்கள் தக்கலைப் பக்கத்தில் இப்போது எந்தச் சாவு வீட்டிலும் ஒருவர் இப்படிப் போனும் கையுமாக நிற்பார். பந்தல், பெட்டி, மாலை மாதிரி அதுவும் ஓர் ஏற்பாடு.

காலையிலிருந்தே தலைமாட்டில் நின்றேன். "மக்கா, கொஞ்சம் கிட்டப் பிடி. அப்பாக்க முகம் தெரியல்ல" என்று அண்ணன் அழுதான். கிட்டப் பிடித்தேன். மூக்கருகே ஈ வந்தபோதுகூட, திரையில் தெரியுமே என்றுதான் விரட்டினேன். இப்போது நினைத்தால் என்மேலேயே அருவருப்பாக இருக்கிறது. அழுதால் கை ஆடும் என்பதால் அழவும் இல்லை.

போதகர் ஜெபிக்க வந்ததும் இடம் விட்டு மறுபக்கம் போய் நின்றேன். பெட்டியை மூடும் முன் வீட்டார் ஒவ்வொருவராகக் குனிந்து முத்தம் கொடுக்க வேண்டும், பிறகு முகத்தில் வெள்ளைத் துணி போடுவார்கள். அம்மா கொடுத்துவிட்டு என் முழங்கையை இழுத்தாள்.

"ஏட்டி, வா. அப்பாக்கு முத்தம் குடு."

நான் போனைக் காட்டி, வேண்டாம் என்று தலையசைத்தேன். அண்ணனின் அழுகை கேட்டுக்கொண்டே இருந்தது. மூன்று வருடம் பக்கத்திலிருந்து கஞ்சி கொடுத்தவள் நான், எனக்குப் பார்த்த முகம்தானே, அவன் பார்க்கட்டும் என்று நினைத்தேன். போனை யாரிடமாவது கொடுத்திருக்கலாம். தோன்றவே இல்லை. துணி விழுந்ததையும் திரையில்தான் பார்த்தேன்.

ஆறு மாதம் கழித்து அண்ணன் வந்தான். கல்லறையில் பூ வைத்துவிட்டு, "கடைசியா முகத்த நல்லாப் பாத்தியா?" என்று கேட்டேன்.

வைத்த பூவைத் திருத்திக்கொண்டே சொன்னான். "ஜெபம் தொடங்குனப்பமே படம் நின்னு போச்சு மக்கா. உனக்க சேலைத் தும்புதான் தெரிஞ்சுது. சத்தம் மட்டும் கேட்டுது. சொன்னா நீ கட் பண்ணிருவியோன்னு பயந்து சொல்லல்ல."

அந்தப் போனை அங்கேயே உடைத்துப் போடலாம் என்று ஆத்திரம் வந்தது. உடைக்கவில்லை. அவன் திரும்பிப் போனால் அதில்தானே பேச வேண்டும்.

அப்பாவை நினைத்தால் இன்றும் உள்ளங்கை அளவு முகம்தான் வருகிறது, மேல்மூலையில் சார்ஜ் பன்னிரண்டு என்று காட்டிக்கொண்டு. அதைத் தள்ளிவிட்டு முகத்தைப் பார்க்க எவ்வளவோ முயன்றுவிட்டேன். முடியவில்லை.

ஒரு நாள் தாங்க முடியாமல் அம்மாவிடமே கேட்டேன், முத்தம் கொடுத்தபோது அப்பாவின் நெற்றி எப்படி இருந்தது என்று.

"ஐஸ் மாதிரி தணுத்துக் கெடந்துது" என்றாள்.

எனக்குக் கிடைத்தது அவ்வளவுதான்.