கீழ் அறையில் இருந்த ஆங்கில நடிகர்

என் கணவர் ஒருநாள் வேலையால் வந்ததும் சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் சொன்னார்: "கீழ இருக்கிற வெள்ளைக்காரன் குயீன் வீதியில நொண்டி நொண்டிப் போறான். கையில ஒரு பொல்லும் இருக்கு. நான் எதிர்ப்பக்கத்தால வந்தனான், வடிவாப் பாத்தனான்."

அதே மனிதர் அன்று காலையில்தான் இரண்டிரண்டு படியாக ஏறி வந்து எங்களிடம் கொஞ்சம் சீனி கேட்டு வாங்கிப் போயிருந்தார்.

"கால் சுளுக்கியிருக்கும்" என்றேன்.

"சுளுக்கினவன் மூலை திரும்பினவுடன பொல்லைக் கக்கத்துக்குள்ள வைச்சுக்கொண்டு நேரா நடப்பானே?"

நான் சீனிப் போத்தலை எடுத்து மூடியை இறுக்கினேன்.

எழுபதுகளின் முற்பகுதி அது. ரொறன்ரோவில் இன்னொரு தமிழ் முகத்தைக் கண்டால் தெருவைக் கடந்துபோய் ஊர் விசாரிக்கிற காலம். பார்லிமென்ட் வீதிக்குப் பக்கத்தில் ஒரு பழைய செங்கல் வீட்டின் மேல்மாடியில் நாங்கள் வாடகைக்கு இருந்தோம். வீட்டுக்காரி ஒரு ஐரிஷ் விதவை. கீழே தெருவைப் பார்த்த முன்னறையில் அந்த ஆங்கிலேயர். என் கணவர் படிக்க வந்தவர். படிப்பு முடிந்தபின் இங்கேயே தங்க விண்ணப்பித்திருந்தோம், பதில் வரவில்லை. வரும்வரை அவர் வேலை செய்யக்கூடாது என்பது சட்டம். ஆனாலும் ஒரு பேக்கரியில் மாவு பிசையப் போய்க்கொண்டிருந்தார். ஆகையால் புதிதாக யார் சிரித்தாலும் ஏன் சிரிக்கிறார் என்று எங்களுக்கு யோசனை.

"அவர் நடிகர். லண்டன் மேடையில் எல்லாம் நடித்தவர். சினிமாவிலும் வந்திருக்கிறார்" என்று வீட்டுக்காரி பெருமையாகச் சொல்லியிருந்தாள். என் கணவர் நம்பவில்லை. லண்டன் மேடையில் நடித்தவர் ஏன் ஒற்றை அறையில் இருந்துகொண்டு தகரத்தில் அடைத்த போஞ்சியைச் சூடாக்கிச் சாப்பிடுகிறார்? அவர் சொன்ன கதைகளும் ஒன்றோடொன்று ஒட்டவில்லை. ஒருமுறை தன் தகப்பன் கப்பல் தலைவன் என்றார். இன்னொருமுறை, வீட்டுக்காரியிடம், இறைச்சிக்கடைக்காரன் என்றார். எனக்குக்கூட அது உறுத்தியது. தகப்பனின் தொழில் மறந்துபோகிற ஒன்றா?

ஆங்கிலேயர் நல்ல உயரம், அறுபதை நெருங்கியவர், நரைத்த தலையை எண்ணெய் வைத்து வாரியிருப்பார். எங்கள் கதவைத் தட்டுவதற்கு அவருக்கு ஏதாவது சாட்டுக் கிடைத்துவிடும். சீனி, தீப்பெட்டி, பழைய பேப்பர். வந்தால் போகமாட்டார். ரீ கொடுத்தால் குடித்துக்கொண்டே என் கணவரைப் பார்ப்பார். பேச்சைக் கேட்பதைவிட, வாயையும் கையையும் பார்ப்பது போல இருக்கும்.

"வேலைக்குக் காலையிலேயே போய்விடுகிறீர்கள் போலிருக்கிறதே?" என்று ஒருநாள் கேட்டார். அவர் பேசியது ஆங்கிலம், ஆனால் அந்தக் கேள்வி என் நினைவில் தமிழாகவே நிற்கிறது.

என் கணவர் தொண்டையைச் செருமினார். காதுமடலைப் பிடித்துக்கொண்டார். "நடக்கப் போறனான். உடம்புக்கு நல்லது" என்று ஆங்கிலத்தில் சொன்னார்.

"மன்னிக்க வேண்டும், இன்னொருமுறை சொல்லுங்கள்."

திரும்பவும் சொன்னார். அந்த ஆள் தலையாட்டிக்கொண்டு உதட்டை அசைத்தது எனக்கு நன்றாகத் தெரிந்தது.

அவர் போனதும் என் கணவர் கதவைப் பூட்டினார். "இஞ்சேரும், உவன் குடிவரவு அலுவலகத்தின்ர ஆள். இல்லாட்டி எதுக்கு ஒரே விசயத்தை ரெண்டுதரம் சொல்லச் சொல்லுறான்? ரெண்டு பதிலும் ஒத்துப்போகுதோ எண்டு பாக்கிறான்."

மறுநாளிலிருந்து அவர் பின்பக்க இரும்புப் படியால் வேலைக்குப் போனார். மாவு படிந்த சட்டையைப் பேக்கரியிலேயே மாற்றிக்கொண்டு வந்தார். வீட்டுக்குள் மெல்லப் பேசினோம். கீழே கதவு திறக்கிற சத்தம் கேட்டால் பாதி வசனத்தில் நிறுத்திக்கொள்வோம்.

ஒரு ஞாயிறு பின்னேரம் வீட்டுக்காரி எங்களை அவசரமாகக் கீழே கூப்பிட்டாள். அவளுடைய ரீவியில் ஒரு பழைய கறுப்புவெள்ளைப் படம். துறைமுகம், பனிப்புகார். அதற்குள்ளிருந்து மழைக்கோட்டோடு வந்தது எங்கள் ஆங்கிலேயர்தான். இருபது வயது குறைவு, அதே மூக்கு. ஒளித்திருந்த ஒரு வெளிநாட்டு மாலுமியின் தோளில் கைவைத்து, "என்னோடு வருகிறாயா?" என்று அமைதியாகக் கேட்டார். அவ்வளவுதான் அவருடைய பங்கு.

"பார்த்தீர்களா, நான் சொன்னேன்தானே!" என்று வீட்டுக்காரி கைதட்டினாள்.

மாடிக்கு ஏறும்போது, "நடிகன் எண்டது உண்மைதானே" என்றேன்.

"நடிகனெண்டால் அவங்களுக்கு இன்னும் வசதி" என்றார் என் கணவர். அன்று அவர் சரியாகச் சாப்பிடவில்லை.

அடுத்த சனிக்கிழமை ஆங்கிலேயர் வெளியே புறப்பட்டதைச் சன்னலால் கண்டதும், கோட்டை மாட்டிக்கொண்டு நானும் பின்னால் இறங்கினேன். யாரோடு பேசுகிறார், எந்தக் கட்டடத்துக்குள் போகிறார் என்று பார்த்துவிட வேண்டும். என் கணவர் பேக்கரிக்குப் போயிருந்தார்; வீட்டில் இருந்திருந்தால் விட்டிருக்கமாட்டார். தண்டவாளத்தில் ஓடுகிற ஸ்ட்ரீட்காரில் அவர் முன்னுக்கு ஏற, நான் ஆட்களுக்குள் மறைந்து நின்றேன். இறங்கி இரண்டு தெரு நடந்து ஒரு பழைய கிடங்குக்குள் போனார். வெளியே பெயர்ப்பலகை எதுவும் இல்லை. கொஞ்ச நேரம் குளிரில் நின்றுவிட்டுக் கதவைத் தள்ளினேன். உள்ளே இருட்டு. கறுப்புத் துணி தொங்கியது. துணிக்கு அந்தப் பக்கத்திலிருந்து என் கணவரின் குரல் கேட்டது.

அவரைப் பிடித்துக் கொண்டுவந்துவிட்டார்கள், விசாரிக்கிறார்கள் என்றுதான் நினைத்தேன். அதே செருமல். "வீக்" என்ற ஆங்கிலச் சொல்லை அவர் இழுத்துச் சொல்கிற அதே விதம். வசனத்தைத் தொடங்கிப் பாதியில் விழுங்குகிற அதே பழக்கம். துணியை விலக்கினேன்.

மேடைபோல உயர்த்திய பலகையில் எங்கள் ஆங்கிலேயர் மண்ணிறக் கம்பளிச்சட்டையோடு நின்றார். காதுமடலைப் பிடித்துக்கொண்டு, "நடக்கப் போறனான். உடம்புக்கு நல்லது" என்ற மாதிரி ஏதோ சொன்னார். எதிரில் கதிரைகளில் நாலைந்து இளம் பிள்ளைகள் சிரித்தார்கள்.

அவர் என்னைக் கண்டார். கை காதிலிருந்து கீழே விழுந்தது.

ஒத்திகைக்கு இடைவேளை விட்டுவிட்டு என்னிடம் வந்தார். பக்கத்தில் கிடந்த பெட்டியில் இருக்கச் சொன்னார். புதிய நாடகம் ஒன்று, அதில் தான் ஓர் இந்திய வைத்தியர், ஆங்கில ஊரொன்றில் தொழில் உரிமம் பறிபோகிற மனிதர் என்றார். பத்து வருடத்தில் தனக்குக் கிடைத்த பெரிய பாத்திரம் அதுதானாம்.

"எங்களைக் கேட்டிருக்கலாமே" என்றேன்.

"கேட்டால் மனிதர்கள் நடிக்கத் தொடங்கிவிடுவார்கள்."

பிறகு, நான் கேட்காமலே தன்னைப் பற்றிச் சொன்னார். தகப்பன் இறைச்சிக்கடைக்காரன்தான், இங்கிலாந்தின் வடக்கே ஒரு சிறிய ஊரில். பதினாறு வயதில் ஊர் ஊராகப் போகிற நாடகக் குழுவோடு ஓடிவிட்டார். அந்தக் குழுவில் இறைச்சிக்கடைக்காரன் மகன் என்று சொல்ல வெட்கப்பட்டுக் கப்பல் தலைவனை உண்டாக்கினார். உச்சரிப்பையும் அங்கேயே மாற்றிக்கொண்டார். யுத்தகாலத்தில் படைவீரர்களுக்கு நடித்தார். பிறகு லண்டன் மேடை, பிறகு படங்கள். பொலிஸ்காரன், வீட்டு வேலைக்காரன், தேயிலைத் தோட்டத் துரை. ஒருமுறை பர்மியப் பிக்கு. "உடுப்பைத் தருவார்கள், போட்டுக்கொள்வேன். உடுப்புக்குள் இருக்கிற ஆளை யாரும் கேட்டதில்லை" என்றார். ஒரு சுற்றுலா நாடகத்தோடு கனடா வந்து, ஒரு பெண்ணுக்காகத் தங்கி, அவள் விட்டுப்போனபின் திரும்பிப் போக முகமில்லாமல் இருந்துவிட்டார். நொண்டி நடந்தது இன்னொரு பாத்திரத்துக்கு, அது கிடைக்கவில்லை.

நம்புவதா விடுவதா என்று எனக்குத் தெரியவில்லை. சொல்லும்போதே அவர் குரல் அவ்வளவு அழகாக ஏறி இறங்கியது.

"எங்களைப் பார்த்து நீங்கள் என்ன படித்தீர்கள் என்று தெரியுமா?" என்று கேட்டேன். "என் கணவர் இயல்பிலேயே சத்தமாகக் கதைப்பவர். காதைப் பிடிப்பதும் வசனத்தை விழுங்குவதும் உங்களைக் கண்டு பயந்த பிறகுதான். நீங்கள் எங்களைப் பிடித்துக்கொடுக்க வந்தவர் என்று நினைத்தோம். நீங்கள் பார்த்தது எங்கள் ஆட்களை இல்லை. உங்களுக்குப் பயந்த ஒருவரை."

அவர் கம்பளிச்சட்டையைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். பிறகு, "ஏன் பயப்பட வேண்டும்?" என்று கேட்டார். பேக்கரியைப் பற்றி வாய்விடாமல் நான் எழுந்தேன். அப்போதும் அவர்மீது எனக்கு முழு நம்பிக்கை வரவில்லை.

வீட்டில் என் கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். தனியாகப் பின்னால் போனதற்கு ஏச்சு வாங்கினேன். ஏசி முடிந்ததும் கேட்டார்: "நான் அப்பிடியே கதைக்கிறன்?"

"இப்ப கொஞ்ச நாளா அப்பிடித்தான்."

நாடகத்துக்கு இரண்டு ரிக்கெற் கதவுக்கடியால் வந்தது. போவதில்லை என்ற என் கணவர், நாடகத்தன்று பின்னேரம் தானாகவே கோட்டைப் போட்டார். மேடையில் ஆங்கிலேயர் முகத்துக்கும் கைக்கும் மண்ணிறம் பூசியிருந்தார். கழுத்தின் பின்பக்கத்தில் பூச்சு வியர்வையில் கரைந்து வெள்ளை தெரிந்தது. ஆனால் அவர் பேசத் தொடங்கியதும் யாரும் கழுத்தைப் பார்க்கவில்லை. ஒரு காட்சியில், வீட்டுக்குள், வைத்தியர் திடீரென்று தொண்டை கிழியக் கத்தினார். என் கணவர் சத்தமாகக் கதைப்பவர் என்று நான் சொன்னதைக் கேட்டுச் சேர்த்திருக்க வேண்டும். பக்கத்தில் இருந்தவர்கள் அசையவில்லை. என் கணவர் எழுந்து வெளியே போய்விட்டார்.

நான் போய்ப் பார்த்தபோது பனிக்குள் தலையில் ஒன்றும் போடாமல் நின்றார்.

"நல்லாத்தான் செய்யிறான்" என்றார். "அதுதான் எனக்குப் பிடிக்கேல்லை."

பத்திரிகைகள் அவரைப் புகழ்ந்தன. அந்தப் புகழ் லண்டன்வரை போய், அங்கிருந்து ஒரு ரீவித் தொடருக்குக் கூப்பிட்டார்கள். போகும் நாளில் என் கணவர்தான் அவருடைய பெட்டியை ராக்சிக் கார்வரை தூக்கிக் கொடுத்தார். ஆங்கிலேயர் கையைப் பிடித்துக்கொண்டு, "உங்களிடம் நிறையப் பெற்றுக்கொண்டேன்" என்றார். "தெரியும்" என்றார் என் கணவர். அவ்வளவுதான் பேசிக்கொண்டார்கள். கொஞ்ச நாளில் நாங்கள் இங்கே தங்குவதற்கான பத்திரங்களும் வந்தன. அதில் அந்த மனிதரின் கை ஏதும் இருந்ததா, நல்லதாகவோ கெட்டதாகவோ, எங்களுக்குத் தெரியாது. இல்லை என்றுதான் நான் நினைக்கிறேன். என் கணவர் அப்படி நினைக்கவில்லை.

எழுபதுகள் முடிவதற்குள் ஸ்காபரோவில் எங்கள் ஆட்கள் சிலர் சேர்ந்துவிட்டார்கள். ஒரு பொங்கல் ஒன்றுகூடலில் அந்த இங்கிலாந்துத் தொடரைப் பற்றிப் பேச்சு வந்தது. அதிலும் இந்திய வைத்தியராகவே வருகிற எங்கள் ஆங்கிலேயரைக் கண்டு எல்லோருக்கும் ஆச்சரியம்.

"வெள்ளைக்காரனெண்டு சொல்லேலாது அண்ணை" என்றார் ஒரு புதிதாக வந்த எஞ்சினியர். "அப்பிடியே எங்கட தமிழன் மாதிரி."

என் கணவர் வடையைத் தட்டில் வைத்தார்.

"எந்தத் தமிழன் மாதிரி?" என்று கேட்டார்.

அந்தப் பெடியன் சிரித்தான். இவர் சிரிக்கவில்லை. பதிலுக்குக் காத்துக்கொண்டு நின்றார்.